லைசென்ஸே இல்லாத பட்டறையை எப்படி கேன்சல் செய்வது?

மாடிவீட்டு டீச்சர் | ஜூன் 8

எல்லோருக்கும் வணக்கம். விஷயம் கொஞ்சம் நீளம். பொறுமையாகப் படித்து யாராவது வழி சொன்னால் புண்ணியமாகப் போகும்.

சென்னையின் வடமேற்குப் பக்கம், இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டுக்கு ரொம்பத் தூரமில்லாத ஒரு நகரில் இருக்கிறோம். தெருப் பெயர் வேண்டாம். மாமனார் 1994இல் கட்டிய வீடு. கீழே நாங்கள் இருக்கிறோம். மாடி அறையில் ஆறாவது முதல் எட்டாவது வரை கணக்கு டியூஷன் எடுக்கிறேன், பன்னிரண்டு பிள்ளைகள்.

பக்கத்து வீட்டுக்காரர் மகளோடு இருக்க பெங்களூருக்குப் போய்விட்டார். மூன்று வருடத்துக்கு முன்னால் கீழ்த்தளத்தை ஒருவருக்கு வாடகைக்கு விட்டார். சாமான் போட்டு வைக்கிற கோடவுன்தான் என்றார்கள். ஆறே மாதத்தில் லாரியில் ஒரு பவர் பிரஸ், அதாவது தகட்டை அடித்து வெட்டுகிற மிஷின், வந்து இறங்கியது. இப்போது மூன்று பிரஸ் ஓடுகிறது, கார் ஷெட்டில் ஒன்று, முன் ஹாலில் இரண்டு. தகட்டில் வாஷர் அடிக்கிறார்கள். வெளி மாநிலத்துப் பையன்கள் ஆறேழு பேர், பின்னால் ஆஸ்பெஸ்டாஸ் கொட்டகையில் தங்கியிருக்கிறார்கள். காலை எட்டு மணிக்கு ஆரம்பித்தால் இரவு ஒன்பது, சில நாள் பதினொன்று.

இரண்டு வீட்டுக்கும் நடுவில் மூன்றடி சந்துதான். சமையல் மேடையில் டம்ளரில் தண்ணீர் வைத்தால் நடுவிலிருந்து வட்டம் வட்டமாக அலை எழும்புகிறது. ஸ்டாண்டில் எவர்சில்வர் தட்டுகள் ஒன்றோடொன்று உரசிக்கொண்டே இருக்கும். ஹாலில் மாமனார் படத்தைக் காலையில் நேராக நிறுத்தினால் சாயங்காலம் விளக்கேற்றும்போது ஒரு விரற்கடை சாய்ந்திருக்கும். போன மாதம் டியூஷனில் ஒரு பையன் நோட்டுக் கடைசிப் பக்கத்தில் ஐந்தைந்தாகக் கோடு போட்டு எண்ணினான், பெரிய பிரஸ் நிமிடத்துக்கு 42 அடி. உடனே ஒருத்தி, "அப்போ ஒரு மணிக்கு 2,520 மிஸ்" என்றாள். பெருக்கல் சரிதான். நான் சிரிக்கவா அழவா தெரியாமல் அடுத்த கணக்கைப் போடச் சொன்னேன்.

போகாத இடமில்லை. குடியிருப்போர் சங்கச் செயலாளர், "பிழைக்க வந்தவர், விட்டுக்கொடுத்துப் போங்கம்மா" என்றார். ஸ்டேஷனில், "சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க." மாநகராட்சியின் 1913 என்ற போன் எண்ணில் புகார் பதிந்தேன். நான்காம் நாள் நடவடிக்கை எடுக்கப்பட்டது என்று மெசேஜ் வந்து புகார் முடிந்துபோனது. எடுத்த நடவடிக்கை, ஒரு மதியம் மட்டும் பிரஸ் ஓடவில்லை. அப்புறம் நேராகவே உரிமம் பார்க்கிற அலுவலகத்துக்குப் போனேன். அங்கே ஒருவர் சொன்ன பதிலைத்தான் இன்னும் ஜீரணிக்க முடியவில்லை. "லைசென்ஸ் இருந்தா கேன்சல் பண்ணலாம். அவர்கிட்ட லைசென்ஸே இல்லையே, எதைம்மா கேன்சல் பண்றது?"

பட்டறைக்காரரிடம் கேட்டால் ஃப்ரேம் போட்டு மாட்டிய ஒரு சான்றிதழைக் காட்டுகிறார். உத்யம் என்று போட்டிருக்கிறது, மத்திய அரசு கொடுத்தது என்கிறார். தொழில் வரி கட்டிய ரசீதும் இருக்கிறது. "நீங்களும்தான் வீட்டில் டியூஷன் நடத்துறீங்க, உங்ககிட்ட லைசென்ஸ் இருக்கா மேடம்?" என்று வேறு கேட்டுவிட்டார். அது ஒரு பக்கம் உறுத்துகிறது.

மூன்று மாதமாகப் புதிதாக ஒன்று. பின்பக்கம் நீல நிற பிளாஸ்டிக் தொட்டிகள் நாலைந்து வைத்திருக்கிறார்கள். சாயங்காலத்துக்கு மேல் மூக்கை எரிக்கிற ஒரு நெடி. வாஷர்களைக் கம்பியில் கோத்து உலர்த்துகிறார்கள், பார்க்கத் தங்கம் மாதிரி இருக்கிறது. இது தனி விஷயம், சத்தம்தான் எனக்குப் பெரிய பிரச்சினை.

அந்தப் பையன்கள் வயிற்றில் அடிக்க எனக்கு ஆசையில்லை. ஆனால் இது யாருடைய வேலை? மாநகராட்சி கையை விரித்தால் விரித்ததுதானா?

பழைய லைசென்ஸ் | ஜூன் 8

அம்மா, நான் அந்த நாற்காலியில் 22 வருடம் உட்கார்ந்து எழுந்தவன். எந்த ஊர், எந்த அலுவலகம் என்று கேட்காதீர்கள். உங்களுக்குக் கிடைத்த பதிலை நானே யாருக்காவது சொல்லியிருப்பேன், வெட்கமாக இருக்கிறது.

முதலில் அந்த "எதை கேன்சல் பண்றது". உரிமத்தை ரத்து செய்வது உரிமம் வாங்கி, நிபந்தனையை மீறியவனுக்கு. வாங்காமலே நடத்துகிறவனுக்கு ரத்து எதற்கு? நடத்துவதே குற்றம். நோட்டீஸ், அபராதம், மசியாவிட்டால் பூட்டி சீல். சென்னைக்கு இருந்த 1919ஆம் வருடத்து மாநகராட்சிச் சட்டத்தில் 287ஆம் பிரிவு இதற்குத்தான். உரிமம் இல்லாமல் எந்தெந்தத் தொழிலுக்கு இடத்தைப் பயன்படுத்தக் கூடாது என்று ஒரு அட்டவணையே அதில் உண்டு. 2023 ஏப்ரல் 13 முதல் அந்தச் சட்டம் போய், தமிழ்நாடு நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டமும் அதன் 2023ஆம் வருட விதிகளும் வந்துவிட்டன. சட்டம் மாறியது, உரிமம் கொடுக்கிற வேலையும் பார்க்கிற வேலையும் மாநகராட்சியிடமேதான் இருக்கிறது.

அப்புறம் ஏன் நடப்பதில்லை? நீங்கள் லஞ்சம் என்று நினைப்பீர்கள். அதுவும் உண்டு, இல்லை என்று சொல்ல மாட்டேன். ஆனால் அதைவிடச் சாதாரணமான ஒரு காரணம், பதிவேடு. எங்கள் பதிவேட்டில் இருப்பது உரிமம் வாங்கியவர்கள் பெயர் மட்டும். மார்ச் 31 நெருங்கினால் புதுப்பிக்காதவன் வீட்டுக்கு நாலு தடவை போவோம், டார்கெட் அவன் தலையில்தான். ஒருமுறைகூட வராதவன் பெயர் எந்தப் புத்தகத்திலும் இல்லை, அதனால் அவன் பாக்கிக்காரனும் இல்லை. ஒழுங்காக லைசென்ஸ் எடுத்த மாவு மில்காரர் என்னைக் கண்டால் எரிந்து விழுவார். "எதிர்த்த சந்துல மூணு பேர் இல்லாம ஓட்டுறான், அவனை விட்டுட்டு என்கிட்ட வர்றீங்களே சார்" என்பார். அவர் சொன்னதில் தப்பே இல்லை.

உத்யம் சான்றிதழை மறந்துவிடுங்கள். 2020 ஜூலையிலிருந்து இருக்கிற, சிறு தொழில்களுக்கான ஆன்லைன் பதிவு அது. ஆதாரை வைத்து அவரே அவரைப் பற்றி எழுதிக்கொடுத்து, காசில்லாமல் வாங்குவது. கடனுக்கும் சலுகைக்கும் உதவும், இந்த இடத்தில் பிரஸ் ஓட்டலாம் என்று அதில் ஒரு வரியும் இருக்காது. தொழில் வரியும் அப்படித்தான். தொழில் வரி வேறு, தொழில் உரிமம் வேறு. வரி, சம்பாதிப்பதற்கு அரையாண்டுக்கு ஒரு தடவை கட்டுவது. உரிமம், இந்தக் கதவு எண்ணில் இந்த இயந்திரத்தை ஓட்ட அனுமதி. பாதிப் பேர் வரி ரசீதைக் காட்டித்தான் ஆட்களைத் திருப்பி அனுப்புகிறார்கள். ஃப்ரேம் போட்டிருந்தால் நாங்களே சில நேரம் உற்றுப் பார்க்க மாட்டோம்!

ஆட்கள் எண்ணிக்கையையும் கவனியுங்கள். பழைய 1948 தொழிற்சாலைச் சட்டத்தில் மின்சாரத்தோடு 10 பேர் வேலை செய்தால்தான் அது தொழிற்சாலை, புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்பில் 20. ஏழு பேர் உள்ள பட்டறைப் பக்கம் தொழிற்சாலை ஆய்வாளர் வர மாட்டார். அதனால்தான் உள்ளாட்சி கையை விரிக்க முடியாது என்கிறேன். அவர்களும் போகாவிட்டால் அந்த மூன்று பிரஸ்ஸையும் கேள்வி கேட்க வேறு ஆளே கிடையாது.

இனிமேல் சத்தம் என்று புகார் எழுதாதீர்கள். சத்தம் என்று எழுதினால் ஒருவர் வந்து, நின்று, போய்விடுவார். புகார் முடிந்தது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள், பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினால் போதும். கதவு எண்ணைப் போட்டு, இந்த இடத்துக்குத் தொழில் உரிமம் இருக்கிறதா, இருந்தால் நகல் வேண்டும், இல்லையென்றால் உரிமம் இல்லாத இந்த இடத்தின் மேல் இதுவரை அனுப்பிய நோட்டீஸ் நகல் வேண்டும் என்று கேளுங்கள். ஏன் நடவடிக்கை இல்லை என்று கேட்காதீர்கள். "ஏன்" என்று கேட்டால் அது தகவல் இல்லை என்று திருப்பிவிடுவார்கள். நகல் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும், தராவிட்டால் மேல்முறையீடு. உரிமம் இல்லை என்று அவர்களே கையெழுத்துப் போட்டுக் கொடுக்கிற தாளுக்கு இருக்கிற மதிப்பு உங்கள் நூறு புகாருக்கு இல்லை. அந்தத் தாள் வெளியே வந்த பிறகு கோப்பில் அடுத்த தாள் இல்லாமல் இருப்பது எங்களுக்கு ஆபத்து. அலுவலக பயம் தெரிந்து சொல்கிறேன்.

டியூஷனுக்காகப் பயப்படாதீர்கள். குடியிருக்கிற வீட்டில் பன்னிரண்டு பிள்ளைகளுக்குப் பெருக்கல் சொல்லிக்கொடுப்பதையும் பவர் பிரஸ்ஸையும் ஒரே தராசில் வைக்க முடியாது. உங்கள் வாயை அடைக்கக் கேட்ட கேள்வி அது.

வில்லிவாக்கம் வாசு | ஜூன் 9

கவுன்சிலரைப் பாருங்க மேடம். எலெக்‌ஷன் டைம்ல பாத்தா இன்னும் நல்லது.

அச்சு அளவு | ஜூன் 9

எதிர்த்தரப்பிலிருந்தும் ஒரு குரல் வேண்டும் இல்லையா. நான் அம்பத்தூரில் பிரஸ் ஷாப் வைத்திருக்கிறேன். அப்பா 1980களில் ஒரு கை பிரஸ்ஸோடு வாடகைக் கொட்டகையில் ஆரம்பித்தது. இப்போது உரிமம், மாசுக் கட்டுப்பாட்டு வாரிய அனுமதி எல்லாம் முறையாக இருக்கிறது. ஆனால் முதல் ஒன்பது வருடம் எங்களிடமும் ஒன்றும் இல்லை, உண்மையைச் சொல்லிவிடுகிறேன்.

கிண்டி எஸ்டேட் 1958இல் வந்தது, அம்பத்தூர் 60களில். அன்றைக்கு லேத்தும் பிரஸ்ஸும் வைத்தவனுக்காகப் பிரித்த மனைகளில் இன்று பாதி கண்ணாடிக் கட்டடம். மூன்று பிரஸ் வைத்திருப்பவனால் அங்கே ஒரு மூலைக்குக்கூட வாடகை கொடுக்க முடியாது. ஜாப் ஒர்க், அதாவது பெரிய கம்பெனிக்குக் கூலிக்குச் செய்து கொடுக்கிற வேலைக்கான பணம் 45 நாளில் வர வேண்டும் என்று 2006 சிறு தொழில் சட்டம் சொல்கிறது. எனக்கு 120 நாளுக்குக் குறைந்து வந்த பில்லை நான் எண்ணிவிடுவேன். இப்படிப்பட்டவன் வீட்டு ஹாலுக்குத்தான் வருவான். உரிமம் கேட்டுப் போனால் அது குடியிருப்பு மனை, சி.எம்.டி.ஏ. (சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமம்) நிலப் பயன்பாட்டில் இடிக்கும், கிடைக்காது. கிடைக்காது என்று தெரிந்து கேட்க மாட்டான். கேட்காதவன் பெயர் புத்தகத்தில் இல்லை. மேலே சார் சொன்னதுதான்.

டீச்சர், ஒரு தடவை அவரிடம் இதைக் கேட்டுப் பாருங்கள். பிரஸ்ஸைத் தரையில் அப்படியே போல்ட் போட்டு இறக்கியிருக்கிறாரா, அடியில் அதிர்வு தாங்கும் ரப்பர் பேட் இருக்கிறதா? உங்கள் டம்ளரில் அலை எழும்புகிறதென்றால் அனேகமாக நேராகத் தரையில்தான். வீட்டுத் தரை பிரஸ்ஸுக்குப் போட்டது இல்லை, அதிர்வு மண் வழியாக உங்கள் சுவருக்கு வருகிறது. பேட் போட்டு, பெரிய பிரஸ்ஸைச் சந்துப் பக்கத்திலிருந்து எதிர்ச் சுவருக்கு நகர்த்தினாலே பாதி குறையும். செலவு அவர் ஒரு மாத வாடகையைத் தாண்டாது.

இன்னொன்று, வீட்டு மீட்டரைப் பாருங்கள். வீட்டு இணைப்பில், அதாவது 1ஏ டாரிஃபில் மூன்று பிரஸ் ஓடினால் அது மின்சாரச் சட்டம் 126ஆம் பிரிவு, இரண்டு மடங்கு கணக்குப் போட்டுத் தீட்டுவார்கள். பட்டறைக்காரனுக்கு மாநகராட்சி பயம் கொஞ்சம், ஈபி பயம் நிறைய. அதை வைத்து மிரட்டச் சொல்லவில்லை. பேசும்போது உங்களுக்குத் தெரியும் என்று அவருக்குத் தெரிந்தால் போதும்.

ஆனால் அந்த நீலத் தொட்டி எனக்குப் பிடிக்கவில்லை. நான் நினைக்கிறது அதுவாக இருந்தால் நான் அவர் பக்கம் இல்லை. தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தொட்டிக்காரன் | ஜூன் 9

நான் சொல்கிறேன். 27 வருடம் பிளேட்டிங் கடையில் கை நனைத்தவன்.

மேடம், அந்த வாஷர் ஏதாவது தெருவில் கிடந்து எடுத்தீர்களா? வெயிலில் சாய்த்துப் பாருங்கள். வெறும் மஞ்சளாக இல்லாமல் பச்சையும் ரோஸும் கலந்து, மழைத் தண்ணீரில் பெட்ரோல் சொட்டினால் ஓடுமே அந்த மாதிரி வானவில் ஓடினால், அது ஜிங்க் பிளேட்டிங் (துத்தநாக முலாம்) போட்டு, அதன் மேல் துருப்பிடிக்காமலிருக்க மஞ்சள் பாசிவேஷன் பூச்சு கொடுத்தது. பார்த்துவிட்டுக் கையைக் கழுவுங்கள்.

நாலைந்து தொட்டி என்றீர்கள், கணக்கு ஒத்துப்போகிறது. முதல் தொட்டி ஆசிட், துரு எடுக்க. மூக்கை எரிக்கிற நெடி அதுதான். அடுத்து ஜிங்க். அடுத்து குரோமேட், அதில் சில விநாடி முக்கி எடுத்தால் தங்க நிறம் வந்துவிடும். நடு நடுவே அலசுகிற தண்ணீர்த் தொட்டி. ஆபத்து அந்த அலசுகிற தண்ணீரில். ஒவ்வொரு முறை முக்கும்போதும் கொஞ்சம் குரோமியம் அதில் இறங்கும், சாயங்காலம் அதைத்தான் கொட்டுவார்கள். எங்கே கொட்டுகிறார்கள்? சாக்கடைக்கா, மழைநீர் வடிகாலுக்கா, மண்ணிலா? முறைப்படி நடத்துகிற கடையில் அதைச் சுத்திகரித்து, அடியில் தங்குகிற சேற்றை மூட்டை கட்டி, கும்மிடிப்பூண்டியில் இருக்கிற அபாயக் கழிவு மையத்துக்குக் காசு கொடுத்து அனுப்புவார்கள். வீட்டுப் பின்கட்டில் இதை எவன் செய்வான்?

மஞ்சள் நிறம் கொடுப்பது ஆறு வேலன்சி குரோமியம். என் வலது கை ஆள்காட்டி விரல் கணுவில் மிளகு அளவுக்கு ஒரு குழி இருக்கிறது. குரோம் புண் என்போம். சின்னக் கீறலில் தண்ணீர் பட்டு உள்ளே போய், மாதக்கணக்கில் ஆறாது. என்னோடு வேலை பார்த்த ஒருவருக்கு மூக்கின் நடுத்தண்டில் ஓட்டையே விழுந்தது. அந்தப் பையன்கள் கையுறை போட்டிருக்கிறார்களா பாருங்கள்.

இதில் இரண்டு விஷயம். ஒன்று, மின்முலாம் பூசுவது சிவப்பு வகைத் தொழில். மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவாணை, அதாவது அனுமதி, இல்லாமல் ஒரு நாள்கூட நடத்த முடியாது, குடியிருப்பு நடுவில் இசைவும் தர மாட்டார்கள். வாரியத்துக்குத் தண்ணீர்ச் சட்டம் 33ஏ பிரிவில் மூடச் சொல்லவும் கரண்டைத் துண்டிக்கச் சொல்லவும் அதிகாரம் இருக்கிறது. மாநகராட்சிக்கு எழுதுகிற அன்றைக்கே மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளருக்கும் எழுதுங்கள்.

இரண்டாவது ரொம்ப முக்கியம். புகார் போட்டதை யாரிடமும் சொல்லாதீர்கள், சங்கத்தில்கூட. ரெய்டு வருகிறது என்று காதில் விழுந்தால் முதலில் கவிழ்க்கிறது அந்தக் குரோமேட் தொட்டியைத்தான். ராத்திரியோடு ராத்திரியாக வடிகாலில் போய்விடும். நான் வேலை பார்த்த இடத்தில் இரண்டு தடவை கண்ணால் பார்த்தேன், ஒரு தடவை நானே கவிழ்த்தேன்.

உங்களுக்கு போர்வெல் இருந்தால் தண்ணீரைச் சோதனைக்குக் கொடுங்கள். குடிநீரில் மொத்தக் குரோமியம் லிட்டருக்கு 0.05 மில்லிகிராம் தாண்டக் கூடாது.

மாடிவீட்டு டீச்சர் | ஜூன் 10

கை நடுங்குகிறது. உங்கள் பதிலைப் படித்ததும் மாடிக்குப் போனேன். டியூஷன் பையன்களில் ஒருவன் இந்த வாஷரைப் பொறுக்கி வந்து ஜன்னல் கட்டையில் கோபுரம் மாதிரி அடுக்கி வைத்திருக்கிறான், பதினாறு இருந்தது. வெயிலில் சாய்த்துப் பார்த்தேன். பச்சையும் ரோஸும் ஓடுகிறது சார். பிளாஸ்டிக் கவரில் போட்டுக் கட்டி வைத்துவிட்டேன், எல்லாப் பிள்ளைகளுக்கும் சோப்புப் போட்டுக் கை கழுவவைத்தேன். காரணம் சொல்லவில்லை.

அந்தப் பையன்கள் வெறும் கையோடுதான் முக்குகிறார்கள். ஒருவன் மட்டும் கையில் பிளாஸ்டிக் பை கட்டியிருந்தான்.

தண்ணீர் எங்கே போகிறது என்று மாடியிலிருந்து பார்த்தேன். பின் சுவர் ஓரமாக ஒரு பி.வி.சி. குழாய், தெரு முனை மழைநீர் வடிகாலுக்குப் போகிறது. எங்கள் போருக்கும் அந்தச் சுவருக்கும் பதினைந்தடி. குடிக்க கேன் தண்ணீர்தான், ஆனால் சமையலுக்கும் பாத்திரத்துக்கும் போர் தண்ணீர். இனி சமையலுக்கு இல்லை.

சத்தம்தான் பெரிய பிரச்சினை என்று எழுதினேனே, என்னை என்ன சொல்வது.

கோர்ட் வராந்தா | ஜூன் 11

வக்கீல் இல்லை, வக்கீல் ஆபீஸில் 30 வருடக் குமாஸ்தா. மற்றவர்கள் சொல்லாததை மட்டும் சேர்க்கிறேன்.

உள்ளாட்சி கையை விரிக்கலாமா என்ற கேள்விக்கு உச்ச நீதிமன்றம் 1980இலேயே பதில் சொல்லிவிட்டது. மத்தியப் பிரதேசத்தில் ரத்லம் என்ற ஊர். திறந்த சாக்கடை, சாராய ஆலைக் கழிவு, தெருவில் நடக்க முடியவில்லை என்று வார்டுக்காரர்கள் மாஜிஸ்திரேட்டிடம் போனார்கள். சரி செய் என்று அவர் உத்தரவு போட்டார். நகராட்சி, எங்களிடம் பணமில்லை என்று உச்ச நீதிமன்றம் வரைக்கும் போனது. நீதிபதி கிருஷ்ணய்யர் அமர்வு, சட்டம் சுமத்திய கடமைக்குப் பணமில்லை என்பது சாக்கு ஆகாது என்று தள்ளுபடி செய்தது. இன்றைக்கும் இந்த மாதிரி வழக்கில் முதல் பக்கத்தில் ரத்லம் வராத மனுவை நான் டைப் அடித்ததில்லை.

அவர்கள் போன வழி பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 133. 2024 ஜூலை முதல் அது பி.என்.எஸ்.எஸ். என்கிற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 152. பொதுத் தொல்லை என்று கோட்டாட்சியரிடம் மனு கொடுக்கலாம், வக்கீல் கட்டாயமில்லை. ஆனால் பொதுத் தொல்லை என்பதால் உங்கள் வீடு ஒன்று மட்டும் போதாது, நாலைந்து வீட்டுக் கையெழுத்து வாங்குங்கள். சத்தத்துக்கு 2000ஆம் வருட விதிகளில் குடியிருப்புக்கு அளவு இருக்கிறது. பகலில் 55 டெசிபல், இரவு பத்துக்கு மேல் 45. போனில் அளந்ததைக் கோர்ட் ஏற்காது, அதிகாரியை அளக்கவைக்க அது உதவும்.

குரோமியம் விஷயத்துக்குப் பசுமைத் தீர்ப்பாயம் இருக்கிறது, தென்மண்டல அமர்வு சேப்பாக்கத்தில்தான். ஆனால் அங்கே காலக் கெடு உண்டு. பிரச்சினை முதலில் எழுந்த நாளிலிருந்து ஆறு மாதம், தகுந்த காரணம் காட்டினால் இன்னும் 60 நாள். உங்கள் பிரஸ் சத்தத்துக்கு இரண்டரை வயதாகிவிட்டது, தொட்டிக்கு மூன்று மாதம்தான். எந்த நாளில் தொட்டி வந்தது என்று காலண்டரில் இப்போதே குறித்து வையுங்கள், போட்டோ இருந்தால் இன்னும் நல்லது.

வில்லிவாக்கம் வாசு | ஜூன் 11

சரி, கவுன்சிலர் பேச்சை வாபஸ் வாங்கிக்கிறேன்.

மாடிவீட்டு டீச்சர் | ஜூலை 27

நடந்ததைச் சொல்ல வேண்டாமா, அதனால் வந்தேன்.

ஜூன் 15 ஒரே நாளில் இரண்டு பதிவுத் தபால், ஒன்று தகவல் உரிமை மனு, ஒன்று சுற்றுச்சூழல் பொறியாளருக்கு. வாஷர் போட்டோ, குழாய் போட்டோ, தொட்டி வந்த தேதி எல்லாம் வைத்தேன். தேதியை மகளின் வாட்ஸ்அப்பில் கண்டுபிடித்தேன். "அம்மா பக்கத்து வீட்ல ஸ்விம்மிங் பூல் வருது" என்று மார்ச் 2 அன்று கிண்டலாகப் போட்டோ அனுப்பியிருந்தாள். என் வீட்டுக்காரரைத் தவிர யாரிடமும் மூச்சு விடவில்லை.

ஜூன் 24 காலை பதினொரு மணிக்கு வாரியத்திலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். சொல்லாமல் வந்ததால் தொட்டிகள் அப்படியே இருந்தன. பட்டறைக்காரர் முன்னாலேயே பாட்டிலில் தண்ணீர் எடுத்து, சீல் வைத்து, கையெழுத்து வாங்கினார்கள். அடுத்த வாரம் தொட்டிகள் போய்விட்டன. அதில் இருந்த தண்ணீரை டிரம்மில் ஏற்றிப் போனதை ஒருவர் நின்று பார்த்துக்கொண்டார், கவிழ்க்கவில்லை. தொட்டிக்காரன் சார், உங்களுக்குத்தான் முதல் நன்றி.

தகவல் உரிமைப் பதில் ஜூலை 19 வந்தது, 30 நாளுக்குப் பதில் 34. ஒரே வரிதான். மேற்படி முகவரிக்குத் தொழில் உரிமம் வழங்கப்படவில்லை. ஆனால் பழைய லைசென்ஸ் சார் சொன்ன அலுவலக பயம் அதற்கு முன்னாலேயே வேலை செய்திருக்கிறது. ஜூலை 16ஆம் தேதியே பக்கத்து வீட்டுக் கேட்டில் நோட்டீஸ் ஒட்டிவிட்டார்கள். மனு ஜூன் மூன்றாவது வாரம் அவர்கள் கைக்குப் போயிருக்கும். இரண்டரை வருடம் கிடைக்காத நோட்டீஸ் நாலே வாரத்தில்!

நோட்டீஸ் ஒட்டிய அன்று சாயங்காலம் பட்டறைக்காரர் வீட்டுக்கு வந்தார். சண்டைக்கு வருகிறார் என்று நினைத்து வீட்டுக்காரர் கேட்டிலேயே நிறுத்தினார். அவர் உட்கார்ந்து தண்ணீர் கேட்டார். பிளேட்டிங்கை வெளியே கொடுத்தால் கிலோவுக்கு ஆகிற கூலி கட்டுப்படியாகவில்லை, யூடியூப் பார்த்துத் தொட்டி வைத்தேன் என்றார். அந்தத் தண்ணீர் கெடுதல் என்பது தெரியாதாம். நம்புவதா என்று தெரியவில்லை. ஆனால் அவர் உள்ளங்கையில் ஒரு புண் இருந்தது, தொட்டிக்காரன் சார் சொன்ன மாதிரியே ஓரம் தடித்து, நடுவில் குழியாக. ஆஸ்பத்திரிக்குப் போகச் சொன்னேன். பேட் பற்றியும் கேட்டேன். அச்சு அளவு சார் யூகம் சரி, நேராகத் தரையில் போல்ட். இப்போது பேட் போட்டு பெரிய பிரஸ்ஸை அந்தப் பக்கம் தள்ளிவிட்டார், ஒன்றை விற்றுவிட்டார். மாமனார் படம் இரண்டு நாளுக்கு ஒரு முறைதான் சாய்கிறது.

திருமுல்லைவாயல் பக்கம் ஒரு ஷெட்டில் பங்குக்கு இடம் பார்த்திருக்கிறாராம், மூன்று மாதம் டைம் கேட்கிறார். நோட்டீஸில் 15 நாள் என்று இருக்கிறது, இன்று பதினொன்றாவது நாள். அவருக்கு டைம் கொடுங்கள் என்று நான் எழுதிக்கொடுத்தால் கோப்பு மறுபடி தூங்கிவிடுமா? அதுதான் இப்போது என் கேள்வி.

பழைய லைசென்ஸ் | ஜூலை 27

தூங்கிவிடும். நீங்கள் எழுதிக்கொடுக்காதீர்கள். டைம் வேண்டுமென்றால் அவரே நோட்டீஸுக்குப் பதிலாக, எந்தத் தேதிக்குள் காலி செய்கிறேன் என்று கையெழுத்துப் போட்டுக் கொடுக்கட்டும். அந்தத் தேதி கோப்பில் ஏற வேண்டும். நகலை நீங்கள் வாங்கி வையுங்கள்.

தொட்டிக்காரன் | ஜூலை 27

போர் தண்ணீர் கொடுத்தீர்களா மேடம்? ரிசல்ட்டை யாருமே கேட்கவில்லையே.

மாடிவீட்டு டீச்சர் | ஜூலை 28

கொடுத்திருக்கிறேன் சார், வியாழக்கிழமை வரும் என்றார்கள். எங்கள் போர் மட்டுமில்லை, வடிகால் ஓரம் இருக்கிற நாலு வீட்டுத் தண்ணீரும் சேர்த்து. சங்கச் செயலாளர் வீட்டுத் தண்ணீரும் அதில் ஒன்று, அவரே பாட்டிலில் பிடித்துக்கொண்டு வந்து கொடுத்தார். வந்ததும் இங்கே போடுகிறேன்.